உதடு அசைந்த ஷாட்

ராஜப்பா மாமா அன்றைக்குக் காலையிலிருந்து மூன்று தடவை செத்தார். மூன்றுமே எனக்குச் சரிவரவில்லை.

முதல் தடவை பிணத்துக்குத் தும்மல் வந்தது. இரண்டாம் தடவை, அவருக்கு அண்ணனாக நடிக்கும் டென்னிஸ் மார்பில் அடித்துக்கொண்டு மேலே விழுந்த வேகத்தில் பெஞ்சு ஆட, பிணம் பயந்துபோய் இரண்டு கையாலும் விளிம்பைப் பிடித்துக்கொண்டது. மூன்றாம் தடவை பிணம் ஒழுங்காகத்தான் கிடந்தது. டென்னிஸ்தான் அழுது கெடுத்தார். சர்ச் நாடகத்தில் வருஷா வருஷம் அழுது பழகிய மனுஷன். ‘அய்யோ தம்பி’ என்று அவர் இழுத்த இழுப்பில் எதிர்வீட்டு நாயும் சேர்ந்து ஊளையிட்டது.

“கட்!” என்று கத்தினேன். “டென்னிஸ் அங்கிள், உங்கள அழச் சொன்னேனா? மூஞ்சியப் பாருங்க, அவ்ளோதான். பாத்துட்டு சும்மா நில்லுங்க.”

“அழாம எப்படிம்மா நிக்கிறது? தம்பி செத்துக்கிறான். பாக்கற ஜனங்க இன்னா நெனப்பாங்க?”

“ஒண்ணும் நெனக்க மாட்டாங்க. நம்ம படத்தப் பாக்கறதே பத்து பேருதான்.”

ஆத்திரத்தில் சொன்னேனே தவிர, சொன்னது பொய்யில்லை. என் முதல் படம் எங்கெங்கோ விழாக்களுக்குப் போனது. ஒரு ஊரில் அரங்கு முழுக்கக் காலி நாற்காலி. இன்னொரு ஊரில் ஒருவர் எழுந்து, “ஒளிப்பதிவு பிரமாதம், டைரக்டர்தான் சொதப்பிவிட்டார்” என்றார். இரண்டும் நான்தான் என்று அவருக்குத் தெரியாது. பாராட்டுக்குச் சிரிப்பதா, திட்டுக்கு முறைப்பதா என்று புரியாமல் மேடையில் விழித்தேன். அன்றிலிருந்து எனக்குள் இரண்டு பேர். டைரக்டர் நளினி போதும் என்பாள். கேமரா நளினி இன்னும் கொஞ்சம் என்பாள். எவள் சொல்வதைக் கேட்பது என்று இன்றுவரை தெரியவில்லை.

இந்த இரண்டு பேருக்கும் சோறு போடுவது மூன்றாவது ஆள், சாவு லைவ் நளினி. எங்கள் கோலார் தங்கவயலில், அதாவது கேஜிஎஃப்பில், பாதிப் பேர் விடிவதற்குள் ரயிலேறி பெங்களூருக்குப் போய்விடுவார்கள். மீதிப் பேருடைய பிள்ளைகள் துபாயிலோ மெல்போர்னிலோ இருப்பார்கள். ஒருத்தர் கண்ணை மூடினால் எல்லாரும் வந்து சேர முடியாது. அதனால் நான் கேமராவைத் தூக்கிக்கொண்டு போய், வீட்டு வாசலிலிருந்து இடுகாடு வரை யூட்யூபில் நேரலையாகக் காட்டுவேன். நந்திதுர்க், சாம்பியன் ரீப்ஸ், எந்தத் தொழிலாளர் லைனுக்குப் போனாலும் என்னை அப்படித்தான் தெரியும். ஒரு சினிமா டைரக்டருக்கு இந்தப் பெயர் எப்படி இருக்கும்? எரியும். ஆனால் சும்மா சொல்லக்கூடாது, வேலையில் என்னை யாரும் குறை சொன்னதில்லை.

இப்போது எடுப்பது இரண்டாவது படம். நான்கு வருஷமாக, சாவு விழாத நாட்களில் எடுத்துக்கொண்டிருக்கிறேன். சுரங்கத்தில் வேலை பார்த்த ஒருவரின் கதை. கடைசிக் காட்சியில் அவர் செத்துக் கிடக்க, பல வருஷமாகப் பேச்சுவார்த்தை இல்லாத அண்ணன் வந்து முகத்தைப் பார்க்கிறார். அவ்வளவுதான் காட்சி. இதற்காகத்தான் படத்தையே எழுதினேன். இது வரவில்லை என்றால் நான்கு வருஷ வேலையும் குப்பை. மறுநாள் ராஜப்பா மாமா வீட்டைப் பூட்டிக்கொண்டு மகள் மம்தாவோடு ஓசூருக்கே போகிறார். அன்றைக்கு விட்டால் பிணம் கிடையாது.

கதையும் அவர் கொடுத்ததுதான். அவருடைய சொந்த அண்ணன் செல்வமணி பக்கத்தில் பேத்தமங்களாவில் நிலம் பார்த்துக்கொண்டு இருக்கிறார். சுரங்கம் ஓடிய கடைசி வருஷங்களில் இவர்களுடைய அம்மா செத்துப்போனாள். அண்ணன் அப்போது ஷிப்ட்டில், பூமிக்கு அடியில் இருந்தார். ஆளைத் தூக்கி வருகிற கேஜ் பழுதாகி நின்றுவிட்டது. மேலே இவர் காத்திருக்கவில்லை. அண்ணன் வருவதற்குள் எடுத்துவிட்டார்கள். செல்வமணி மேலே ஏறி வந்தபோது மண் போட்டு முடிந்திருந்தது. அன்றைக்கு நின்ற பேச்சு அப்படியே நின்றுவிட்டது. நடுவில் கல்யாணம் காட்சி எத்தனையோ வந்து போயும் ஒருத்தர் வாசலை ஒருத்தர் மிதிக்கவில்லை. என் படத்தில் அந்த அண்ணனை வரவைத்தேன். வந்தது டென்னிஸ்.

நான்காவது தடவைக்கு மாமாவின் மாலையைச் சரிசெய்துகொண்டிருந்தேன். தெருமுனையிலிருந்து பியாட்ரிஸ் ஆன்ட்டி வந்தாள். மாமாவோடு ஒரே லைனில் முப்பது வருஷம் இருந்தவள், இப்போது ஸ்டேஷன் பக்கம் குடியிருக்கிறாள். கையில் மாலை, கண்ணெல்லாம் சிவப்பு.

“போய்ட்டியா ராஜப்பா! நேத்து சாயங்காலம்கூட கறிவேப்பிலை குடுத்தியே!”

நான் அவளை நடிக்கக் கூப்பிடவே இல்லை. ஆனாலும் என்ன அழுகை! டென்னிஸைத் தள்ளிவிட்டு இவளையே அண்ணியாக வைத்துக்கொள்ளலாமா என்று ஒரு நிமிஷம் நினைத்தேன். அதற்குள் பிணம் எழுந்து உட்கார்ந்தது.

“இன்னாம்மே, உனக்கு இன்னா ஆச்சு?”

பியாட்ரிஸ் ஆன்ட்டி போட்ட கூச்சல் சுரங்கக் கழிவு குவிந்த சயனைட் மேட்டைத் தாண்டிக் கேட்டிருக்கும். மாலையை அவர் மூஞ்சியிலேயே விட்டெறிந்தாள். பிறகு தரையில் உட்கார்ந்து, ஏசப்பா ஏசப்பா என்று மூச்சு வாங்கினாள். தண்ணீர் கொடுத்து, படப்பிடிப்பு ஆன்ட்டி என்று நான் சொல்ல, அவள் போனை எடுத்து என் முகத்துக்கு நேரே நீட்டினாள்.

“அப்ப இது இன்னாடீ?”

என் சேனல். என் சாவு லைவ் சேனல். மேலே மாமாவின் போட்டோ, அவர் பேத்தி கல்யாணத்தில் நான் எடுத்தது. ‘திரு. ராஜப்பா அவர்களின் இறுதி அஞ்சலி, நேரலை.’ கீழே, ஆழ்ந்த இரங்கல், ஆழ்ந்த இரங்கல் என்று ஓடிக்கொண்டே இருந்தது. நடுவில் மாலையைச் சரிசெய்யும் என் கை அசையாமல் நின்றது.

கேமராவைப் பார்த்தேன். அதன் தலையில் லைவ் அனுப்பும் சின்னப் பெட்டி உட்கார்ந்திருந்தது. முந்தின சாவுக்கு மாட்டியதைக் கழற்றவே இல்லை. கேமராவைப் போட்டால் அதுவும் தானாக வேலை செய்யும், அணைத்தால் கடைசிப் படத்திலேயே நின்றுவிடும். வருகிற படத்துக்குப் பெயரும் போட்டோவும் போட்டு ஊருக்கு விடுவது சுனிதாவின் வேலை. ராபர்ட்சன்பேட்டையில் தன் வீட்டிலிருந்தே செய்வாள். போன் போட்டேன்.

“சுனிதா! இன்னா பண்ணி வச்சிருக்க?”

“ஏனு மேடம்? அரைமணி முன்னதான் சிக்னல் கெடச்சுது. சவுண்ட் சரியா வரல, டிரம் மட்டும்தான் கேக்குது. அத விட்டா எல்லாம் சரியாத்தான போகுது? பாவம் மேடம், நல்ல மனுஷன். நான் காலைலருந்து அழுதுனே இருக்கேன்.”

“அவரு சாகலடி! ஷூட்டிங்!”

அவள் குரல் இறங்கியது. “நீங்கதான மேடம் நேத்து வாய்ஸ் மெசேஜ் போட்டீங்க? நாளைக்கு ராஜப்பா மாமா சாவு, சாம்பியன் ரீப்ஸ், வேற வேலை ஒத்துக்காதன்னு? எப்பவும் அப்படித்தான போடுவீங்க?”

எப்பவும் அப்படித்தான் போடுவேன். மம்தாவுக்காவது படப்பிடிப்பு தெரியும், அவள் பயப்பட மாட்டாள். மற்றவர்கள்? இந்த ஊரில் இனி எந்தச் சாவுக்கு என்னைக் கூப்பிடுவார்கள்?

“மொதல்ல அத நிறுத்து. ஷூட்டிங், தப்பாப் போயிடுச்சி, மன்னிச்சுக்கோங்கன்னு எழுதிப் போடு.”

“ஆயித்து மேடம், நிறுத்திடறேன். ஒரு நிமிஷம்… பேத்தமங்களாலருந்து ஒருத்தர் எழுதிக்கிறார். அவருக்கும் அதையே போட்டுரட்டுமா?”

“யாரு?”

“செல்வமணின்னு பேரு. ‘நான் ஆட்டோல வந்துக்கினு இருக்கேன். நான் வர்ற வரைக்கும் எடுக்காதீங்க’ன்னு ரெண்டு தரம் போட்டுக்கிறார்.”

போன் ஸ்பீக்கரில் இருந்தது. பெஞ்சில் கால் தொங்கப்போட்டு உட்கார்ந்திருந்த மாமா என்னைப் பார்த்தார். பியாட்ரிஸ் ஆன்ட்டியின் முனகல் நின்றது. டென்னிஸ் பிடித்திருந்த பீடியைக் கீழே போட்டார்.

“போடச் சொல்லாத” என்றார் மாமா.

“மாமா, அது தப்பு. பெரியவரு பதறிட்டு வருவாரு. ஆட்டோலயே ஏதாவது ஆயிடப்போவுது.”

“உசுரோட கீறேன்னு சொன்னா வருவானா? சொல்லு. வண்டிய திருப்பினு போய்டுவான்.” “இத்தினி வருஷத்துல எனக்கு மெட்ராஸ்ல ஆபரேஷன் ஆச்சு, வரல. என் பொண்டாட்டி போனா, வரல. இன்னிக்கி வரேங்கிறான். வரட்டும்மா. வந்து ஒருவாட்டி என் மூஞ்சியப் பாக்கட்டும்.”

சொல்லிவிட்டுக் காலைத் தூக்கி பெஞ்சில் வைத்து, தானாகவே படுத்துக்கொண்டார். மூக்கில் பஞ்சையும் தானாகவே வைத்துக்கொண்டார்.

நான் என்ன செய்ய வேண்டும் என்று எனக்குத் தெரியவில்லை. நேர்மையாகச் சொல்கிறேன், எனக்குள் இருந்த டைரக்டர் நளினி இது அநியாயம் என்றாள். அந்தக் கேமராக்காரி மட்டும் வெயில் எந்தப் பக்கம் இருக்கிறது என்று பார்த்துக்கொண்டிருந்தாள். அவளை ஓங்கி அறையலாம் போல இருந்தது. இருந்தாலும் சுனிதாவிடம், “ஒண்ணும் போடாத, அப்படியே விடு” என்று சொன்னது என் வாய்தான்.

அந்த அரைமணி நேரத்தை நினைத்தால் இன்றைக்கும் கூச்சமாக இருக்கிறது. ஆட்கள் வந்துகொண்டே இருந்தார்கள். வருகிறவர்களைத் தெருமுனையிலேயே பியாட்ரிஸ் ஆன்ட்டி மடக்கினாள். விஷயத்தைக் கேட்டு முதலில் எல்லாரும் என்னைத் திட்டினார்கள். “உனக்கு வெளயாட சாவுதான் கெடச்சுதா?” என்று ஒரு பெரியவர் அடிக்கவே வந்தார். பிறகு, செல்வமணி வருகிறான் என்று அவள் காதில் ஓதியதும் கோபம் எங்கே போனதோ, செருப்பைக் கழற்றிவிட்டு ஓரமாக வந்து நின்றுகொண்டார்கள். யாரும் திரும்பிப் போகவில்லை. ஷூட்டிங்குக்குக் கூட்டிவந்த மேளக்காரர் கேட்காமலே மெதுவாக அடித்தார். நான் யாரையும் எங்கேயும் நிற்கச் சொல்லவில்லை. எல்லாரும் சரியான இடத்தில் நின்றார்கள். பிணம் மட்டும் இரண்டு தடவை, “வந்துட்டானா?” என்று கேட்டது.

“பேசாத படு” என்றாள் பியாட்ரிஸ் ஆன்ட்டி.

ஆட்டோ வந்து நின்றது. செல்வமணி பெரியவர் இறங்கினார். ஒல்லியான, உயரமான மனுஷன், கையில் செய்தித்தாளில் சுற்றிய மாலை. சட்டைப் பொத்தானை மாற்றிப் போட்டிருந்தார். கூட்டத்தைப் பார்த்ததும் நின்று, அப்படியே தெருவிலிருந்தே கேட்டார்.

“எடுத்துட்டாங்களா?”

பியாட்ரிஸ் ஆன்ட்டிதான் சொன்னாள். “இல்லண்ணா. உனக்காகத்தான் வச்சிக்கிறோம்.”

கேமரா என் தோளுக்கு எப்போது வந்தது, பட்டனை எப்போது அழுத்தினேன், தெரியாது. பெரியவர் நடந்து வந்தார். அழவில்லை. மார்பில் அடித்துக்கொள்ளவில்லை. பெஞ்சுக்குப் பக்கத்தில் வந்து, முட்டியில் கையை ஊன்றிக் குனிந்து, தம்பியின் முகத்தைப் பார்த்தார். நெற்றியைப் பார்த்தார், மூடிய கண்ணைப் பார்த்தார், மோவாயில் இருந்த பழைய தழும்பைப் பார்த்தார். பார்த்து முடியவே இல்லை. நான்கு வருஷமாக நான் தேடிய முகம் என் கேமராக் கண்ணாடிக்குள் இருந்தது. எனக்குக் கண் மறைத்தது, போகஸ் சரியாக இருக்கிறதா என்றே தெரியவில்லை.

பிறகு அவர் நிமிர்ந்து கூட்டத்தைப் பார்த்துக் கையெடுத்துக் கும்பிட்டார். “நான் வர்ற வரைக்கும் எடுக்காம வச்சிருந்தீங்களே. ரொம்ப நன்றிப்பா. அது போதும் எனக்கு.”

அந்தக் கும்பிடு என் கேமராவுக்கும் சேர்த்துத்தான். எனக்கு உயிரே போய்விட்டது. இதற்கு மேல் ஒரு நொடி எடுத்தாலும் நான் மனுஷியில்லை.

“கட்” என்றேன்.

மாமா எழுந்திருக்கவில்லை. கட் என்றால் தும்மக்கூடக் காத்திருக்காமல் எழுகிற மனுஷன், அசையவே இல்லை. “கட்!” என்றேன் இன்னொரு தடவை. அய்யய்யோ, இந்த அதிர்ச்சியில் நிஜமாகவே போய்விட்டாரா? கேமராவை இறக்காமலே ஓரடி முன்னால் போனேன். அப்போது கண்ணாடிக்குள் அவர் உதடு அசைந்தது. கண் மூடியே இருந்தது.

“அம்மாவ வச்சிருக்கலண்ணா.”

கூட்டத்தில் யாரோ ஹா என்று வாயைப் பொத்தினார்கள். செல்வமணி பெரியவர் துள்ளவில்லை, பின்னால் நகரவில்லை. கையிலிருந்த மாலை மட்டும் நழுவி விழுந்தது. என்னைப் பார்த்தார், கேமராவைப் பார்த்தார், ஓரத்தில் தன்னைப் போலவே வேட்டி சட்டையில் நிற்கிற டென்னிஸைப் பார்த்தார். எல்லாம் புரிந்திருக்க வேண்டும். இப்போது அடிப்பார் என்று நினைத்தேன். மாமாவின் இமை படபடத்தது, திறக்கப் பார்த்தது.

“தொறக்காத” என்றார் பெரியவர். “கண்ணத் தொறந்தன்னா நான் போய்டுவேன். அப்படியே படுத்துனு சொல்லு.”

“மழ இருட்டிக்கினு வந்துச்சி. பெரியவங்க எடு எடுன்னாங்க. நீ கீழ லெவல்ல மாட்டிக்கினு கீற, கேஜ் எப்ப வரும்னு தெரியாதுன்னாங்க.” மூடிய கண்ணின் ஓரத்திலிருந்து தண்ணீர் காதுக்குள் போனது. “விடிய விடிய ஆனாலும் வச்சிருந்திருக்கணும். நான்தான் வச்சிருக்கல. எழுந்து நின்னு உன் மூஞ்சியப் பாத்து சொல்ல எனக்கு வாய் வரலண்ணா.”

மேளக்காரர் எப்போதோ நிறுத்தியிருந்தார்.

“நான் மேல வந்து மண்ணு மேட்டத்தான் பாத்தேன்” என்றார் கடைசியில். “லைட்டுகூட கழட்டல. ஹெல்மெட்டோட நின்னேன்.”

“தெரியும்ணா.”

“தெரியுமில்ல.” அவர் குனிந்து தம்பியின் மூக்கிலிருந்த பஞ்சை எடுத்தார். “எழுந்திரு. வெறும் பலகையில படுத்துனு கீற, முதுகு நோவும்.”

நான் அழுதேன். வெட்கப்படாமல் அழுதேன். டென்னிஸ் அழவே இல்லை. காலையிலிருந்து நான் தலைதலையாய் அடித்துக்கொண்டபடியே, சும்மா பார்த்துக்கொண்டு நின்றார். போனில் சுனிதா கத்தினாள். “மேடம், ஒதடு அசையுதுன்னு எல்லாரும் எழுதுறாங்க! உயிர் வந்துடிச்சின்னு ஒருத்தர் ஆம்புலன்ஸ் கூப்பிடவான்னு கேக்கறார்! ஒண்ணும் கேக்கல, இன்னா சொன்னார்னு கேக்கறாங்க, நான் இன்னா போடட்டும்?” லைவை நிறுத்தச் சொன்னேன். என்ன போடுவது என்று எனக்கும் தெரியவில்லை.

டீ வந்தது. மாமா மாலையைக்கூடக் கழற்றாமல் பெஞ்சில் உட்கார்ந்து இரண்டு கையாலும் கிளாஸைப் பிடித்துக்கொண்டிருந்தார். செல்வமணி பெரியவர் நேராக என்னிடம் வந்தார்.

“நீதான் இந்தக் கூத்த நடத்துனதா?”

“ஆமாங்க. மன்னிச்சுடுங்க. லைவ் போனது தெரியாம நடந்தது. ஆனா நீங்க வர்றீங்கன்னு தெரிஞ்சும் சொல்லாம இருந்தேன். அது தெரிஞ்சே செஞ்சது.”

“காட்டு.”

கேமராவின் சின்னத் திரையில் போட்டேன். வெயிலுக்குத் துண்டை விரித்துப் பிடித்துக்கொண்டு அவர் பார்த்தார். ஆட்டோ, நடை, குனிவு, முகம், கும்பிடு. அங்கே நிறுத்தினேன். நான்கு வருஷமும் அந்த ஒரு ஷாட்டில் இருந்தது. எந்த ஊர்த் திரையில் போட்டாலும் ஜனம் மூச்சு விடாது. அவர் வேண்டாம் என்று ஒரு வார்த்தை சொன்னால் அழித்துவிட வேண்டும், சொல்லக்கூடாதே என்று மனசு அடித்துக்கொண்டது.

“இதோட வெட்டிடுவேன், நீங்க சம்மதிச்சா. இதுக்கப்புறம் மாமா ஒதடு அசையுது. செத்தவரு பேசற மாதிரி வரும். படத்துக்கு ஆகாது.”

“போடு, மிச்சத்தையும் பாக்கறேன்.”

போட்டேன். உதடு அசைந்தது. மாலை விழுந்தது. பார்க்கப் பார்க்கப் பெரியவரின் தாடை இறுகியது. முடிந்ததும் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டார்.

“வெட்டாத” என்றார்.

“செத்த ஆளு பேசறாருங்களே, அத எப்படி…”

“பேசட்டுமே, இன்னா இப்போ? ரெண்டு பேரும் உசுரோட இருந்துகினே இத்தினி வருஷம் பேசல. அத எவனாவது தப்புன்னு சொன்னானா?”

என் பதிலுக்கு அவர் காத்திருக்கவில்லை. பியாட்ரிஸ் ஆன்ட்டி நீட்டிய டீயை வாங்கிக்கொண்டு போய், கீழே கிடந்த மாலையை ஓரமாக நகர்த்திவிட்டு, அந்தப் பெஞ்சிலேயே தம்பி பக்கத்தில் உட்கார்ந்தார்.